சுவர் சொன்ன செய்தி

நுன்சியா,

அம்மா போய்விட்டாள் என்று நீ சொல்லியனுப்பவில்லை. சுவர் சொல்லித்தான் தெரிந்துகொண்டேன்.

இன்று மதியம் சுற்றுலாப் பயணிகள் பதினோரு பேரைக் கூட்டிக்கொண்டு, வழிகாட்டிக் குடையைத் தூக்கிப் பிடித்தபடி, நேப்பிள்ஸின் பழைய தெருக்களில் வழக்கம்போல் ஒவ்வொரு கடையாக நின்று, தின்பண்டங்களைச் சுவைக்கக் கொடுத்துக்கொண்டு போனேன். கார்மெலாக்காவின் பொரித்த பீட்சா கடைக்குப் பக்கத்துச் சுவரில் கறுப்புக் கரை போட்ட தாள் ஒன்று ஒட்டியிருந்தது. பசை இன்னும் காயவில்லை. டென்மார்க்கிலிருந்து வந்த பெரியவர் ஒருவர் அதைக் காட்டி, "இதுதான் மெனுவா?" என்று கேட்டார்.

அது அம்மாவின் மரண அறிவிப்பு: அசுந்தா, எண்பத்தொரு வயது. நான்கு மணிக்கு அடக்கம். துயரத்துடன் அறிவிப்பவர்கள் நீ, உன் வீட்டுக்காரர், பிள்ளைகள், வெனிசுவேலாச் சித்தப்பாகூட. மகன் என்று யாரும் இல்லை.

கார்மெலாக்கா கரண்டியோடு ஓடிவந்தாள். "குடையத் தூக்கிக்கிட்டு இங்க என்னடா பண்றே? போய் மொகத்தையாவது பாருடா!"

"எம் பேரே இல்லக்கா."

"பேரு இல்லேன்னா, பெத்தது இல்லேன்னு ஆயிடுமா?"

நான் போகவில்லை. 'நீ செத்தாலும் வரமாட்டேன்' என்று அம்மாவின் முகத்துக்கு நேரே கத்தியவன் நான்தானே. உன்மேல் தப்பில்லை.

பெரியவர் விடாமல் கேட்டதால், எல்லாப் பெயர்களையும் வாசித்துச் சொன்னேன். உன் பெயருக்கு முன்னால், மகன் என்று என் பெயரையும் சேர்த்து வாசித்தேன். அவர் என் சட்டையில் குத்தியிருந்த பெயர் அட்டையைப் பார்த்தார்.

நான்கு மணிக்குக் கோயில் மணி அடித்தபோது, கடைசிக் கடையில் எல்லாருக்கும் ஐஸ்கிரீம் வாங்கிக் கொடுத்துக்கொண்டிருந்தேன். எதற்கு இந்த மணி என்று ஒரு பெண் கேட்டாள். நான் அடுத்த ஐஸ்கிரீமை எடுத்து நீட்டினேன்.

பெரியவர்தான் சொன்னார்: "இவரோட அம்மாவுக்கு."

உன் அண்ணன்