அண்ணி சொன்ன அர்த்தங்கள்

மார்ச் 4

இன்றும் திட்டு. நான் வெட்டிய பச்சை நிற நடன உடையைப் பொம்மைக்கு மாட்டிப் பார்த்த முதலாளியம்மா, கையை உதறிக்கொண்டு "திஸ் இஸ் சிக்! சிக்!" என்று கத்தினார். சிக் என்றால் உடம்பு சரியில்லை. அந்த அளவுக்கு எனக்கும் ஆங்கிலம் தெரியும். ஆனாலும் பக்கத்தில் நின்ற அண்ணியைப் பார்த்தேன்.

"இதைப் பாத்தா வாந்தி வருதாம்" என்றார் மெதுவாக. "நீ மனசுல வெச்சுக்காதே. நான் பேசிக்கறேன்."

அண்ணி இல்லாவிட்டால் இந்த வெளிநாட்டுத் தையல் பட்டறையில் என் பாடு திண்டாட்டம்தான். வேலை வாங்கிக் கொடுத்ததும் அவர்தான், முதலாளியம்மா படபடவென்று கொட்டுவதைத் தமிழில் சொல்வதும் அவர்தான். கூடப் பிறந்த அண்ணன்கூட என்னை இப்படிப் பார்த்துக்கொள்வதில்லை.

ஒன்றுதான் புரியவில்லை. முதலாளியம்மா சிரித்துக்கொண்டே திட்டுகிறார். நம் ஆட்கள் திட்டினால் முகமும் சேர்ந்து திட்டும்.

மார்ச் 11

"யூ ஆர் கில்லிங் இட்." கொல்கிறேனாம். துணியையா, தொழிலையா என்று அண்ணியிடம் கேட்டேன். "ரெண்டையும்தான்" என்றார். கழிவறையில் குழாயைத் திறந்துவிட்டு அழுதேன்.

மார்ச் 12

ஒவ்வொரு கழுத்தையும் திரும்பத் திரும்ப அளந்துதான் கத்தரியை வைக்கிறேன்.

மார்ச் 20

சூப்பர்வைசர் வேலையை விட்டுப் போகிறாராம். அந்த இடம் கிடைத்தால் தனியாக ஓர் அறை பிடிக்கலாம், அண்ணன் வீட்டுக் கூடத்துச் சோபாவில் சுருண்டு படுக்கிற வாழ்க்கை முடியும். பார்த்தாலே வாந்தி வருகிற மாதிரி வெட்டுபவளுக்கு எதற்கு இந்த ஆசை?

மார்ச் 25

முதலாளியம்மா அறைக்குக் கூப்பிட்டார். அண்ணியும் வந்தார். முதலாளியம்மா நீளமாக என்னவோ பேசிவிட்டு, என் முகத்தைப் பார்த்து, "சோ, ஆர் யூ டவுன்?" என்றார்.

டவுன் என்றால் கீழே. அண்ணி என் காதருகே குனிந்தார். "உன்னை வெட்டுற வேலையிலேருந்து இறக்கி, கூட்டிப் பெருக்க விடப் போறாங்களாம். சம்மதமான்னு கேக்குறாங்க."

"நோ! நோ! ப்ளீஸ்!" என்று கெஞ்சினேன். முதலாளியம்மா முகம் வாடிப்போயிற்று. அண்ணி ஆங்கிலத்தில் ஏதோ சொல்லிச் சமாளித்தார். வெளியே வந்ததும் "தப்பிச்சே, போ" என்றார். அவர் கையைப் பிடித்துக்கொண்டு விடவே மனமில்லை.

மார்ச் 27

அண்ணிதான் புது சூப்பர்வைசர்! எனக்கே கிடைத்த மாதிரி இருக்கிறது. கேக் வாங்கிக்கொண்டு போனேன்.

ஏப்ரல் 6, ஞாயிறு

அண்ணன் டிவியில் பந்தாட்டம் பார்த்துக்கொண்டிருந்தான். யாரோ கோல் போட்டதும் எழுந்து குதித்தான். "சிக்! என்னா சிக் கோலுடா!"

"யாருக்குண்ணா உடம்பு சரியில்ல?"

விழுந்து விழுந்து சிரித்தான். "அட மண்டு, அட்டகாசம்னு அர்த்தம். இங்க எல்லாரும் அப்படித்தான் சொல்வாங்க."

சமையலறையில் அண்ணி பாத்திரம் தேய்க்கும் சத்தம் நின்றது.

"கில்லிங் இட்டுன்னா?"

"பிச்சு உதர்றேன்னு."

அடுத்ததையும் கேட்டேன். "ஆர் யூ டவுன்?"

"உனக்கு இஷ்டமா, சேந்துக்கிறியான்னு. ஏன், யாராவது கேட்டாங்களா?"

"இல்லண்ணா. சும்மா."

அண்ணி வெளியே வரவே இல்லை.

அட்டகாசமா? பிச்சு உதறினேனா? அதுக்கா நான் அழுதேன்? சூப்பர்வைசரா இருக்கியான்னு கேட்டாங்க — நான் நோ நோன்னு கெஞ்சியிருக்கேன்! கேக் வேற வாங்கிட்டுப் போனேனே, பாவி! நாளெல்லாம் துணியில் கழுத்து வெட்டுகிறேன், என் கழுத்தை அறுத்தது எனக்குத் தெரியவில்லை.

ஏப்ரல் 7

இஸ்திரி மேசை அருகே அண்ணியிடம் கேட்டுவிட்டேன்.

"எனக்கும் சரியா வெளங்கல" என்றார். இல்லை, என்றாள். இனி இந்த நோட்டில் அவளுக்கு 'ர்' கிடையாது.

"அண்ணி, பொய் சொல்லாதீங்க."

இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். "நீ வர்றதுக்கு எத்தனையோ வருஷம் முன்னேருந்து நான் இங்க பொத்தான் தைக்கிறேன். உன்னைக் கூட்டிட்டு வந்ததே நான்தான். நீ என் தலைக்கு மேல உக்காருவியா?"

"கேட்டிருந்தா விட்டுக் கொடுத்திருப்பேனே."

"நீ விட்டுக் கொடுத்து நான் வாங்கிக்கணுமா?"

அவள் ரோஷம் புரிகிறது. அதனால் அவள் செய்தது நியாயம் ஆகிவிடாது. இடத்தை எடுத்துக்கொண்டாள், போகட்டும். நல்ல வார்த்தை ஒவ்வொன்றையும் ஏன் எடுத்துக்கொண்டாள்? என்னை அழவைத்துவிட்டு, முதுகைத் தடவிக் கொடுத்தாளே!

ஏப்ரல் 9

அண்ணனிடம் சொல்லவில்லை. சொன்னால் வீடு இரண்டாகும். பாலுக்கும் காவல், பூனைக்கும் தோழன் என்று அவள் இருந்தாள்.

ஏப்ரல் 15

முதலாளியம்மா, நான் வெட்டிய சிவப்பு உடையைத் தூக்கிக்கொண்டு வந்து மூச்சு விடாமல் ஏதோ சொன்னார். ஒரு சொல்லும் பிடிபடவில்லை. அண்ணி வாயைத் திறப்பதற்குள் நானே கேட்டேன். "குட் ஆர் பேட்?"

முதலாளியம்மா ஒரு கணம் விழித்தார். பிறகு என் தோளைப் பிடித்து உலுக்கினார். "குட்! வெரி, வெரி குட்!"

இவ்வளவுதான். இதை முதல் நாளே கேட்டிருக்கலாம். அண்ணி இருக்கிறாளே என்று இருந்துவிட்டேன்.

ஏப்ரல் 20, ஞாயிறு

காலையில் மூவரும் மேசையில் உட்கார்ந்திருந்தோம். அவள் கோப்பை காலியாக இருந்தது.

"மேடம், இன்னும் கொஞ்சம் டீ ஊத்தட்டுமா?"

அண்ணனுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. "வீட்டுலயுமா சூப்பர்வைசர்? நல்லாத்தான் இவளைப் பயமுறுத்தி வெச்சிருக்கே!"

"பழகிடுச்சுண்ணா."

அவள் சிரிக்கவில்லை. கோப்பையைப் பார்த்தபடியே, "அண்ணின்னே கூப்பிடேன்" என்றாள்.

நான் டீயை ஊற்றி, சர்க்கரை டப்பாவை அவள் பக்கம் நகர்த்தி வைத்தேன்.