வீடியோவில் என் குரல்

அன்புள்ள மகனுக்கு,

இங்கே எல்லோரும் நலம் என்று எழுதக் கை வரவில்லை. தேர்தல் முடிவு மோசடி என்று போன ஊர்வலத்தை மாடியிலிருந்து போனில் பிடித்தது நான்தான். உன் மகள்தான் பிடிக்கச் சொல்லிக் கொடுத்தாள்.

கீழ்க்கடைத் தையல்காரர் நம் வாசலில் விழுந்த பிறகும் போலீஸ்காரன் ஒருவன் விடவில்லை. மண்டை பிளந்து ரத்தம் கொட்டியது. தலையை மறைத்த விரல்கள்மீதே அடித்தான். ஹெல்மெட்டில் முகம் தெரியவில்லை. அந்த இடது கை வீச்சைப் பார்த்ததும் என்னையறியாமல் கத்திவிட்டேன். "டேய் குண்டா, போதும்டா. செத்துருவாருடா."

வீட்டுச் செல்லப்பெயரைக் கேட்டு நீ நிமிர்ந்து பார்த்தாய். அப்புறமும் அடித்தாய்.

வீடியோக்களைச் சேகரிக்கும் வக்கீலம்மா கேட்டார். "பாட்டி, உங்க குரலாலதான் பையன் மாட்டுவாரு. சத்தத்தை எடுத்துடட்டுமா?" உன் மகள் என் முகத்தையே பார்த்தாள்.

ஐந்தாவதோடு நின்றவள், உன் சீருடையைத் தெருவெல்லாம் சொல்லிப் பீற்றிக்கொண்டவள் நான். "சத்தம் இருக்கட்டும்மா" என்றேன்.

தையல்காரர் இன்று காலை போய்விட்டார். வீடியோவை வைத்து உன்னைத் தேடி வருமுன் நீயே கோர்ட்டுக்குப் போய்ச் சொல்லிவிடு. தனியாகப் போகப் பயமென்றால் நான் கூட வருகிறேன்.

உன்னைப் பெற்றவள்