திரிந்துபோன கம்பங்கஞ்சி

ஞாயிறு, இரவு

இன்று நடந்ததை உள்ளபடியே எழுதுகிறேன். வீட்டு வேலைக்காக அம்மா சிங்கப்பூர் போனபின், இன்று காலையில்தான் முதன்முதலாக இனிப்புக் கம்பங்கஞ்சி காய்ச்சினேன். வெல்லம் போட்டுக் கொதிக்கும்போதே பாலை ஊற்றிவிட்டேன். திரிந்துவிட்டது. வீடியோ காலில் அம்மாவிடம் காட்டினேன்.

“அடியே, அடுப்ப அணச்சு ஆறவிட்டுல்ல பாலை ஊத்தணும்! நான் வந்துதான் காய்ச்சிக் குடுக்கணுமாக்கும்?” என்று சிரித்தாள்.

“வாயேம்மா,” என்றேன்.

அம்மாவின் சிரிப்பு நின்றுவிட்டது. அங்கே உள்ளேயிருந்து யாரோ கூப்பிட, “வைக்கிறேன் தாயி” என்று வைத்துவிட்டாள்.

“நல்லாத்தான இருக்கு,” என்று அப்பா இரண்டு டம்ளர் குடித்தார். நான் என் டம்ளரை அப்படியே மூடி வைத்தேன்.

அம்மா சாப்பிட்டாளா என்று கேட்காதது இப்போதுதான் உறைக்கிறது. அங்கே இந்நேரம் தூங்கியிருப்பாள். அப்பா கூடத்து விளக்கை அணைத்துவிட்டார்.