வடலிக்குள் நின்ற நேரம்

மச்சாள்,

அந்தப் பனம்பழம் இன்று காலை விழுந்துவிட்டது. முற்றம் கூட்டிக்கொண்டிருந்தபோது தொப்பென்று கேட்டது. ஆவணி மாதத்தில் பழம் விழுவது ஒரு புதினமா என்று இருந்துவிட்டு, சத்தம் வந்த திசை நினைவுக்கு வந்ததும் விளக்குமாற்றை எறிந்துவிட்டு ஓடினேன். இளம்பனை வடலிக்குள், நம் இடத்தில், மண்ணில் கிடந்தது. எடுத்து மணந்து பார்த்தேன். இன்றைக்குப் பழுத்த பழத்தின் மணம். பத்து வருஷத்துக்கு மேலாக ஒரு பிடிமானமும் இல்லாமல் அந்தரத்தில் நின்ற பழம் அது.

பழக்கதோஷத்தில் உன் வீட்டு வேலியில் நாம் நுழைந்து போகும் பொட்டுவரை பழத்தோடு ஓடிப் போனேன். அங்கே போன பிறகுதான் தையில் நீ செத்துப்போனது உறைத்தது. விஷயம் தெரிந்த உன் அண்ணையும் மலாயாவில். வேறு யாருக்குச் சொன்னாலும் எனக்கு விசர் என்பார்கள். ஆகவே உனக்கே எழுதுகிறேன்.

அந்த இடத்தைக் கண்டுபிடித்தது நீயுமல்ல, நானுமல்ல, உன் வெள்ளாடு. கயிற்றோடு வடலிக்குள் ஓடிய ஆடு, வாயில் பாதிக் குழையோடு அப்படியே நின்றுவிட்டது. தூக்கிய வால் தூக்கியபடி. காதடியில் மொய்க்க வந்த ஓர் இலையான், சிறகை விரித்தபடி. அதற்கு மேலே தோள் உயரத்தில் அந்தப் பழம். நான் ஐயோ என்று உள்ளே பாயப் போனேன். நீ என் சேலையைப் பிடித்து இழுத்து நிறுத்திவிட்டு, வெளியே கிடந்த கயிற்று நுனியை எடுத்து மெதுவாக இழுத்தாய். வெளியே வந்த ஆடு மிச்சக் குழையை மென்று விழுங்கியது. இலையான் பறந்து போனது. நாம் இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு நின்றோம்.

அந்த மாதம் நாம் அடித்த கூத்து கொஞ்சமா? காலையில் கொதிக்கக் கொதிக்க ஒரு செம்பு தேத்தண்ணியைக் கயிறு கட்டி உள்ளே தள்ளிவிட்டு, பின்னேரம் இழுத்தெடுத்துக் குடித்து எனக்கு நாக்கு வெந்தது. நீ வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாய். ஒரு பாய் விரிக்கிற அளவு நிலம். இன்று பழம் விழும்வரை அதற்குள் நேரம் நின்றது, வெளியே அது தன்பாட்டில் ஓடியது. அதில் நீ வைத்த சட்டம் ஒன்றே ஒன்றுதான்: "கயிறு கட்டாமல் ஒண்டையும் உள்ளை விடாதை."

நீ அதிகம் கதைக்காதவள். என் வாய்க்கு முன்னால் யார்தான் கதைப்பது? ஓம் என்பாய், இல்லை என்பாய், மிச்சத்தை நானே சொல்லி முடிப்பேன். அதனால்தான் புடையன் பாம்பு கடித்த அந்த நாளை என்னால் இன்னும் மறக்க முடியவில்லை.

விடிந்ததும் விடியாததுமாகப் பழம் பொறுக்கப் போனோம். சருகுக்குள் கிடந்தது என் குதிக்காலைப் பதம் பார்த்துவிட்டது. நீ கத்தவில்லை. ஓடிப்போய் உன் அண்ணையை எழுப்பி, தெல்லிப்பழை விஷகடி வைத்தியரிடம் சைக்கிளில் விரட்டினாய். அவர் ஊரில் இல்லாவிட்டால் என்ன செய்வது என்று அண்ணை தயங்கினார். நீ சொன்னாய்: "ஆளை நீங்கள் கூட்டிக்கொண்டு வாங்கோ அண்ணை. நேரத்தை நான் பாக்கிறன்."

பிறகு கிணற்றுத் துலாக்கயிற்றை அவிழ்த்து வந்து என் இடுப்பில் கட்டினாய். எனக்கு அப்போதே கண் மங்கத் தொடங்கியிருந்தது. ஓலைப்பாயில் கிடத்தி, நீண்ட கொக்கத்தடியால் என்னை அந்த இடத்துக்குள் தள்ளினாய்.

"பயப்பிடாதை. கண்ணை மூடித் திறக்க முன்னம் இழுத்துப்போடுவன்."

அப்படித்தான் நடந்தது. கண்ணை மூடினேன், திறந்தேன். பொழுது பட்டுக்கொண்டிருந்தது.

இடையில் நடந்ததை அண்ணை பிறகு சொன்னார். வைத்தியர் தென்மராட்சிக்குப் போயிருந்தார். அண்ணை அவர் வீட்டு வாசல் படலையில் மத்தியானம் கழியும்வரை காத்திருந்தார். வைத்தியர் வந்ததும் வராததுமாக ஓடிப்போய்ச் சொன்ன அண்ணை, தெற்குப் பக்கமாக நின்று சொல்லிவிட்டார். சேதி கொண்டு வந்தவன் நிற்கும் திசையையும் கடித்த நேரத்தையும் வைத்தே ஆள் பிழைக்குமா என்று கணக்குப் பார்ப்பவர்களல்லவா நம் விஷகடி வைத்தியர்கள்? இவர் விரலை மடக்கிப் பார்த்துவிட்டு இருந்த இடத்தைவிட்டு எழும்பவில்லை.

"யமன்ரை திசையிலை நிண்டு சொல்லுறாய். கடிச்சது காலமை எண்டுறாய். ஆள் இப்ப இராது. போய் ஆகவேண்டியதைப் பாருங்கோ."

"இல்லை ஐயா. நேரத்தைத் தான் பாக்கிறன் எண்டு தங்கச்சி சொன்னவள். அவள் சொன்னால் செய்வாள்."

வைத்தியர் அசையவில்லை. அண்ணை அவருடைய மருந்துப் பையைத் தூக்கிக்கொண்டு சைக்கிளில் ஏறிவிட்டார். பை போனால் பின்னால் வரத்தானே வேண்டும்? மாட்டு வண்டியில் ஏசிக்கொண்டே வந்து சேர்ந்தார். வண்டிச் சத்தம் கேட்டதும் நீ கயிற்றை இழுத்தாய். அவர் என் காலைத் தூக்கிப் பார்த்தார். இரத்தம் இன்னும் உறையவில்லை.

"கடிவாய் பச்சையாய்க் கிடக்குது. இப்ப கடிச்சதைக் காலமை எண்டு சொல்லி ஏன் என்னைப் பேய்க்காட்டினனியள்?"

அண்ணைக்கு விழுந்த ஏச்சு கொஞ்சநஞ்சமல்ல. ஆனால் மருந்து பிடித்தது. பிழைத்தேன்.

நீ அவருக்கு ஏதோ மறுமொழி சொல்ல வாயைத் திறந்தாய், வெறும் காற்றுத்தான் வந்தது. தொண்டை கட்டியிருந்தது. ஏனென்று அண்ணைதான் சொன்னார். வேலிக்கு அப்பால் வரும்போதே அவருக்கு உன் குரல் கேட்டதாம்.

"கயித்தைக் கையிலை சுத்திக்கொண்டு குந்தியிருந்து உன்னோடை ஒரே கதை. காலமை தொடங்கினதாம். உனக்குக் கேளாது எண்டு அவளுக்குத் தெரியும். பிறகும் கதைச்சாள்."

ஒரு பகல் முழுக்க! நாளுக்கு நாலு சொல் கதைக்காத நீ! என்ன சொன்னாய் என்று நான் உன்னை எத்தனை தரம் அரித்திருப்பேன். கிணற்றடியில் கேட்டேன், புகையிலைக்குத் தண்ணீர் கட்டும்போது கேட்டேன், உன் கலியாண வீட்டிலும் கேட்டேன். கடைசியாகத் தையில், நீ பாயோடு கிடந்தபோதும் விடவில்லை. அன்று உன்னையும் வடலிக்குள் தூக்கிக்கொண்டு போகிறேன் என்று கயிற்றோடு வந்து நின்றவளும் நான்தான். வேண்டாம் என்று தலையாட்டினாய்.

"உள்ளை கிடந்தால் நீ கதைக்கிறது கேளாது."

அப்படியென்றால் பாம்பு கடித்த அன்று நீ கதைத்ததையாவது சொல் என்றேன். சிரித்தாய். "கேளாத ஆளுக்குத்தானடி அதுகளைச் சொல்லலாம்."

எனக்கு அப்போது கோபம் வந்தது. நாள் முழுக்க வாயாடுகிற எனக்கு, வாயில் வராத சொல்லும் உண்டென்று எப்படித் தெரியும்? இதை எழுத உட்கார்ந்தபோதுதான் தெரிந்தது. உன்னில் எனக்கு உயிர். என் புருஷனைவிட, கூடப் பிறந்தவர்களைவிட. உன் முகத்தைப் பார்த்து ஒருநாளும் நான் இதைச் சொன்னதில்லை.

இப்போது கேளாத ஆள் நீ. இனி நான் சொல்லலாம்.