கிணற்றுக்குக் கட்டிய மெட்டு

இன்று காலை ஆபீஸில் ஒரு பெண்ணிடம் கத்திவிட்டேன். கம்ப்யூட்டர் விளையாட்டு செய்கிற கம்பெனி இது. அதற்கு இசை போடுவதுதான் இந்த வயதில் எனக்குச் சோறு. திரையில் பைக் ஓட்டுகிறவன் பள்ளத்தில் விழுந்ததும் என் மெட்டு பட்டென்று நின்றுபோனது. "இங்க கட் பண்ணிட்டேன் சார். சைலன்ஸ் வந்தா எஃபெக்ட் சூப்பரா இருக்குது இல்ல?" என்றாள். "யாரைக் கேட்டு நிறுத்தினே?" என்று சீறினேன். பாவம், அவளுக்கு உன்னை எங்கே தெரியும்?

பெரிய காஞ்சிபுரத்தில் நாம் அடுத்தடுத்த வீடு. எழுபதுகளின் தொடக்கம். உன் அப்பா உன்னைப் பட்டுத் தறியில் உட்கார வைக்கப் பார்த்தார். நீயோ பங்குனித் திருவிழாவுக்கு வந்த மரணக் கிணற்றுக்காரர்களோடு ஒட்டிக்கொண்டாய். பலகைகளை வட்டமாக நிறுத்திக் கட்டிய கிணறு. அதன் சுவரில் மோட்டார் சைக்கிளில் சுற்ற வேண்டும். உன் அம்மா தெருவில் நின்று அழுதாள். நீ சிரித்தாய். "தறிக்குழியில கால வுட்டுக்கினு ஆயுசு பூரா உக்காரணும். அதுக்கு இந்தக் குழி எவ்ளோ மேலும்மா." எனக்கு உன்மேல் பொறாமை. என்னிடம் இருந்ததெல்லாம் ஒரு புல்புல்தாரா, கட்டை தட்டி வாசிக்கிற தந்தி வாத்தியம்.

நீதான் என்னையும் கிணற்று முதலாளியிடம் இழுத்துப் போனாய். "சினிமாப் பாட்டு வாணாம்பா, அது முடிஞ்சிடும். தல எது வாலு எதுன்னே தெரியக் கூடாது, அப்படி ஒண்ணு போடு." போட்டேன். கடைசிச் சுரம் முதல் சுரத்தில் போய் விழும். நான் கட்டிய முதல் மெட்டு அதுதான். எஞ்சின் இரைச்சலில் உனக்குக் கேட்க வேண்டுமே என்று ஒலிபெருக்கிக் குழாயைக் கிணற்றுக்குள் கவிழ்த்துக் கட்டினோம்.

மேலே நீ சுற்றுவாய், உனக்குக் கீழே இன்னொருவன். அந்த வேகத்தில் உன்னால் கீழே பார்க்க முடியாது. அதனால் ஓர் ஏற்பாடு. கீழே உள்ளவன் இறங்கி வண்டியை ஓரங்கட்டியதும், விளிம்பில் உட்கார்ந்து பார்க்கிற நான் வாசிப்பை நிறுத்துவேன். அது நின்ற பிறகுதான் நீ இறங்க வேண்டும். "நீ நிறுத்தாம நான் எறங்க மாட்டேன்டா, பெட்ரோல் தீந்தாலும் சரி" என்று என் தோளில் குத்துவாய்.

தேருக்கு மறுநாள், வெயில் தணியாத சாயங்காலம். உன் அம்மா அன்றைக்குத்தான் முதன்முதலாக வந்து, கிணற்று விளிம்பில் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு நின்றாள். கரண்ட் போனது. விளக்கு போட்டிருந்தால், அது அணைந்ததைப் பார்த்தாவது உனக்குப் புரிந்திருக்கும். குழாய் ஊமையானது. நான் வாசித்துக்கொண்டேதான் இருந்தேன்டா. தந்தி அறுகிற மாதிரி அடித்தேன். "எறங்காத, எறங்காத" என்று தொண்டை கிழியக் கத்தினேன். நீ சொன்ன சொல் தவறாதவன். மெட்டு நின்றதும் இறங்கினாய். கீழே அவன் இன்னும் சுற்றிக்கொண்டிருந்தான்.

அவனுக்கு ஒரு கால் போனது. நீ ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியிலேயே போய்விட்டாய். காரியம் முடிந்த அன்று உன் அம்மா கேட்டாள்: "நீ வாசிச்சிக்கினுதானேப்பா இருந்த? நான் பாத்தனே. அவனுக்கு ஏம்பா கேக்கல?" கரண்ட், குழாய் என்று ஏதோ உளறினேன். அவள் தலையை ஆட்டிக்கொண்டே இருந்தாள்.

பிறகு மெட்ராஸ். சினிமாவில் கீபோர்டு வாசித்தேன். பாட்டை முடிக்கிற இடம் வந்தால் கை ஓடாது, அதனால் யாரும் என்னை அதிக நாள் வைத்துக்கொள்ளவில்லை. தலை நரைத்த பிறகு இந்தக் கம்பெனிக்காரன் வந்து, "முடியாத மெட்டு வேணும் சார், சுத்திச் சுத்தி வரணும்" என்றான். சிரிப்பு வந்தது, பாழாய்ப்போன சிரிப்பு. உன் மெட்டைத்தான் இன்று வரை மாற்றி மாற்றி விற்றுத் தின்கிறேன்.

மத்தியானம் அந்தப் பெண்ணிடம் மன்னிப்புக் கேட்டேன். "ப்ளேயர் செத்துட்டான் சார். அப்புறம் யாருக்கு மியூசிக்?" என்றாள். "ஓடட்டும்மா" என்றேன். அவள் பழையபடி மாற்றினாள். திரையில் அவன் பள்ளத்தில் கிடந்தான், மெட்டு சுற்றிக்கொண்டிருந்தது.

நான் நிறுத்தவில்லைடா. நீ இறங்காதே.