மல்லித் தோட்டத்துக்கு ஆறுதல் தொகை

5 மார்ச் 2023, ஞாயிறு

முசரவாக்கம் போய் வந்தேன். அப்பா தறி நெய்த காசில் வாங்கி என் பெயருக்கு எழுதிய அறுபது சென்ட்டில் அளவுக்கல் நட்டிருக்கிறார்கள். புறவழிச்சாலை எங்கள் மல்லிப்பூத் தோட்டத்தின் மேல்தான் வருகிறது. ஓரமாகக்கூட இல்லை, நட்டநடுவில்.

எங்கள் தோட்டம் என்று எழுதிவிட்டேன். நான் ஒரு செடிக்கும் தண்ணீர் விட்டதில்லை. பத்து வருடத்துக்கு மேலாகப் பாடுபடுவது தையல்நாயகி. வாய்ப்பேச்சுக் குத்தகை, எழுத்தில் ஒன்றும் கிடையாது. "கல்லு நட்டவங்க ரெண்டு செடிய மிதிச்சிட்டாங்கக்கா" என்றுதான் வருத்தப்பட்டாள். நிலம் போவதைப் பற்றிப் பேசவே இல்லை.

9 மார்ச்

இவர் தறியில் உட்கார்ந்தபடியே கேட்டுக்கொண்டார். "பணம் வந்தா மொதல்ல கூரைய மாத்திடலாம் குழலி" என்றார். போன ஐப்பசியில் தறிக்குழியில் தண்ணீர் இறங்கி ஒரு முகூர்த்தப் புடவை பாழானது. அன்றிலிருந்து மேகம் கறுத்தாலே சிவராஜ் முகமும் கறுத்துவிடுகிறது.

18 ஜூன்

விசாரணைக்கு வரச்சொல்லி நோட்டீஸ் வந்தது. நிலத்துக்கு ஒரு விலை, செடிக்கும் கிணற்றுக்கும் தனி விலை. அதற்கு மேல் ஆறுதல் தொகை என்று ஒன்று உண்டாம்.

யாருக்கு ஆறுதல்?

2 ஜூலை

தோட்டக்கலைத் துறையினர் செடிகளைப் பார்த்துக் குறித்துக்கொண்டு போனார்கள். "விசாரணைக்கு நீயும் வா. செடி உன்னுதுன்னு சொல்லிடலாம்" என்றேன் தையல்நாயகியிடம். "எனக்கு இன்னாத்துக்குக்கா அதெல்லாம்? மாகறல் பக்கம் எடம் பாத்துக்கினு இருக்கேன்" என்றாள். கட்டாயம் வரவேண்டும் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

இவரிடம் சொன்னதும் தறியில் ஓடிய நாடாவை நிறுத்திவிட்டார். "அவங்க பேரு உள்ள வந்துட்டா, நாளைக்கு நெலத்துலயே பங்கு கேட்டா இன்னா பண்ணுவ?"

"கேக்க மாட்டா."

"கேட்டா?"

அவர் கெட்டவர் இல்லை. நனைந்த புடவையை மடியில் போட்டுக்கொண்டு அவர் உட்கார்ந்திருந்ததை நான் பார்த்திருக்கிறேன்.

3 ஜூலை

கூரை வேண்டும். நிஜமாகவே வேண்டும்.

11 ஜூலை

விசாரணை. இவரும் கூட வந்தார். தையல்நாயகி பின்வரிசையில். நிலமெடுப்புத் தாசில்தார் என் வயதுக்காரப் பெண். "மல்லி யாரும்மா வெச்சது?" என்று கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் பின்னாலிருந்து குரல் வந்தது. "அவங்களுதுதாம்மா. நான் கூலிக்குப் பறிக்கிறவ."

திரும்பிப் பார்த்தேன். தரையைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். இன்னாத்துக்கு அப்டி சொன்னா? யாரு கேட்டா அவள? தாசில்தார் பக்கம் திரும்பினேன்.

"பொய் சொல்றாம்மா. செடி, மோட்டாரு, எல்லாமே அவ போட்டது. குத்தகைய வாங்கிக்கினு போறதுதான் என் வேல."

"அக்கா, சும்மா இருக்கா."

"நீ சும்மா இரு."

தாசில்தார் பேனாவை மூடினார். "இங்க எல்லாரும் என்னுது என்னுதுன்னுதான் சண்ட போடுவாங்க. ரெண்டு பேரும் வெளிய போயி பேசிட்டு வாங்கம்மா."

வண்டிகள் நிற்கும் இடத்தில் போய் நின்றோம். தையல்நாயகி அழுதாள். "காலைலயே உங்க வீட்டுக்காரரு மூஞ்சியப் பாத்தேங்கா. என்னால உங்க வீட்ல சண்ட வரவேணாம்."

இவர் பக்கத்தில்தான் நின்றிருந்தார். எங்கள் இருவரையும் பார்க்காமல் சொன்னார்: "உள்ள போயி உள்ளத சொல்லுங்கம்மா. கூரை மெதுவா மாத்திக்கலாம்."

சொல்லிவிட்டு வந்தோம். இவர் மூன்று டீ வாங்கிக்கொண்டு வாசலில் நின்றிருந்தார். தையல்நாயகிக்குத்தான் முதலில் நீட்டினார்.

20 பிப்ரவரி 2024

தொகை வந்தது. நிலத்துக்குப் போட்டது குறைவு. அக்கம்பக்கத்தில் விற்றவர்கள் பத்திரத்தில் விலையைக் குறைத்து எழுதியிருக்கிறார்கள். அதே விலைதான் எங்களுக்கும். கூட்டிக் கேட்டு மனு போடலாம் என்கிறார் வக்கீல் ஜான்சன். போடச் சொல்லிவிட்டேன்.

செடிக்கும் மோட்டாருக்கும் உண்டானது தையல்நாயகி பெயரில் வந்திருக்கிறது. அதற்குரிய ஆறுதல் தொகையும் அவளுக்கே. சரிதான்.

6 மார்ச்

மண்வாரி இயந்திரம் வந்துவிட்டதாம். நான் போகவில்லை. தையல்நாயகி போய்க் கடைசிவரை நின்றிருக்கிறாள்.

14 செப்டம்பர்

தறி இருக்கும் பாகத்துக்கு மட்டும் மேல்தளம் போட்டோம். சமையல்கட்டு பழைய ஓட்டின் கீழேதான். முதல் மழைக்கு இவர் நெய்துகொண்டே இருந்தார். நான் அடுப்படியில் பாத்திரம் வைத்து ஒழுகலைப் பிடித்தேன்.

27 ஏப்ரல் 2025, ஞாயிறு

மனு இன்னும் கோர்ட்டில்தான் இருக்கிறது.

முதல் பஸ்ஸில் மாகறல் போனேன். தையல்நாயகி அங்கே குத்தகைக்கு எடுத்து வைத்த மல்லி இந்த வருடம்தான் பூத்திருக்கிறது. இந்த முறை குத்தகையை எழுதி வாங்கியிருக்கிறாள். நானும் ஒரு வரிசையில் இறங்கி மொட்டுப் பறித்தேன். இடுப்பு விட்டுப்போயிற்று. பக்கத்து வரிசைப் பெண்கள் என் வேகத்தைப் பார்த்துச் சிரித்தார்கள்.

எடை போட்டதும் எல்லோருக்கும் கூலி கொடுத்தாள். எனக்கும் நீட்டினாள். வேண்டாம் என்று சொல்லத்தான் வாயெடுத்தேன். அவள் முகத்தைப் பார்த்ததும் சொல்லவில்லை. வாங்கி முந்தானையில் முடிந்துகொண்டேன்.

"அடுத்த ஞாயித்துக்கெழமயும் வந்துடுங்கக்கா. ஆளு பத்தல" என்றாள்.