நீ சாப்பிடாமல் காத்திருந்த ஆள்

இன்று மண்டியில் கணக்குப்பிள்ளைக்குக் காய்ச்சல். வீட்டிலிருந்து தூக்குவாளியில் கஞ்சி வந்தது. மூடியைத் திறந்ததும் எழுந்த வாசனையில் என்னால் அங்கே இருக்க முடியவில்லை. லாரி வந்துவிட்டதா என்று பார்க்கிற மாதிரி வெளியே போய் நின்றேன். புதுக்கோட்டை ஆஸ்பத்திரியில் உன் வாயருகே நான் பிடித்திருந்த கரண்டியிலும் இதே வாசனைதான்.

ஆலங்குடிப் பள்ளியில் ஒரே பெஞ்சில் இருந்தோம். நான் முந்திரிக்கொட்டை வாங்கி விற்கப் போனேன். நீ பட்டாளத்துக்குப் போய், கமாண்டோப் படையில் சேர்ந்து, ஜெனரலாகவும் ஆனாய். லீவில் வந்தால் என் மண்டி மூட்டை மேல்தான் உட்காருவாய்.

"அப்புடி என்னதாண்டா வேலை பாக்குற? கொட்டை என்ன வெலைக்கு வாங்குனேன்னு கேட்டா நான் சொல்றேன்ல?"

"நீ என்னைக்குடா உண்மை வெலைய சொன்ன? நடக்குற வேலைடா. நெறைய நடப்போம்."

அதற்கு மேல் ஒரு வார்த்தை பெயராது. பேச்சுக் கொடுத்தே ஆளின் அடிமனசைக் கறந்துவிடுகிறவன் நான். உன்னிடம் மட்டும் பலிக்கவில்லை.

ஒன்றே ஒன்று உன்னை மீறித் தெரிந்தது. என் மகள் கல்யாணத்தில் கடைசிப் பந்தி முடியும்வரை நீ உட்காரவில்லை. பாத்திரம் கழுவுகிறவர்கள் சாப்பிட்டார்களா என்றும் பார்த்துவிட்டு வந்தாய்.

"எலை போட்டாச்சு, வாங்க ஜெனரல் சார், சோறு ஆறுது" என்று கிண்டல் செய்தேன்.

"வெளிய போன ஆளுக எல்லாம் திரும்புனாத்தான் எங்களுக்குச் சோறு. பழகிப்போச்சுடா."

பக்கவாதம் வந்து நினைவு கலங்கியபோது அந்தப் பழக்கம் மட்டும் கலங்கவில்லை. கரண்டியை நீட்டினால் வாயை இறுக்கிக்கொண்டு, "பல்பீர் வந்துட்டானா?" என்று கேட்டாய். உன் மனைவிக்கே அந்தப் பெயர் புதிது. "அண்ணே, நீங்க சொன்னா கேப்பாரு. எதையாச்சும் சொல்லிச் சாப்புட வைங்கண்ணே" என்று என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"வந்துட்டாருடா, வெளியதான் நிக்கிறாரு."

"கூப்புடு."

எதையும் விற்றுவிடலாம் என்று நம்பிப் பிழைத்தவன் நான். என் ஷெட்டில் முந்திரி வறுக்கும் பீகார்க்காரர் ஒருவரை மறுநாள் மதியம் கூட்டிவந்து திரைக்கு அந்தப் பக்கம் நிறுத்தினேன். சொல்லிக்கொடுத்தபடி, "பல்பீர் ஹாஜிர், சாப்" என்று, வந்துவிட்டதாக இந்தியில் சொன்னார். நீ காது கொடுத்துக் கேட்டாய். முகம் மாறிப்போனது.

"இது அவன் கொரல் இல்ல. வேற எவனோ அவன் பேரச் சொல்றான். அவனப் புடிச்சிட்டாய்ங்கடா!"

குளுக்கோஸ் ஊசியைப் பிடுங்கிப் போட்டுவிட்டு, வேலை செய்கிற ஒரு கையை ஊன்றி எழப் பார்த்தாய். அவனை மீட்க எங்கேயோ கிளம்பிவிட்டாய். நானும் நர்ஸும் உன்னை அமுக்கிப் பிடித்தோம். திரைக்கு அந்தப் பக்கம் பீகார்க்காரர் அழுதார். அதன் பிறகு நீ வாயைத் திறக்கவேயில்லை, கேட்பதற்குக்கூட.

உன் அடக்கத்தன்று துப்பாக்கி முழங்கியது. உன் படையில் இருந்த சுபேதார் ஒருவர் மதுரையிலிருந்து வந்திருந்தார். அவரை ஓரமாகக் கூட்டிப்போய், "பல்பீர்னு ஒருத்தரு… வந்துட்டாருங்களா?" என்று கேட்டேன்.

"அந்தப் பேர ஒங்களுக்கு யாரு சொன்னா?"

"அவருதான். ஆஸ்பத்திரியில படுத்துக்கிட்டு கேட்டுக்கிட்டே இருந்தாரு."

அவர் தொப்பியைக் கழற்றி முகத்தைத் துடைத்துக்கொண்டார். "நாங்க சொல்லக் கூடாதுங்கய்யா" என்று சொல்லிவிட்டு வேனில் ஏறிக்கொண்டார்.

உன் பதக்கங்கள் உன் வீட்டில் இருக்கின்றன. என்னிடம் இருப்பது அந்தப் பெயர் மட்டும். எந்த ஊர், எந்த மலை, உயிரோடுதான் இருக்கிறாரா, எதுவும் தெரியாமல் யாரிடம் போய் விசாரிப்பது? ஆனாலும் வடக்கேயிருந்து சரக்கு ஏற்ற வரும் லாரிகளில் வயதான ஆள் இறங்கினால், பெயர் என்னவென்று கேட்டுவிடுகிறேன். அவர்கள் வேறு ஏதாவது பெயர் சொல்கிறார்கள்.